வாசகர் கேள்வி – பதில்: ஆற்றைப் பிடித்துக்கொண்டு வீடு திரும்பியவர்

திருவையாறு வாசகி ஒருவர்: அமெரிக்காவில் எல்லைப்புறத்தில் குடியேறிய ஒரு பெண், பழங்குடியினரிடம் சிறைப்பட்டு, அங்கிருந்து தப்பி, காட்டு வழியே நூற்றுக்கணக்கான மைல் நடந்து வீடு சேர்ந்ததாகப் படித்தேன். வரைபடம்கூட இல்லாமல் இது எப்படி முடிந்தது? கொஞ்சம் கதை கட்டியிருப்பார்களோ?

நீங்கள் படித்தது மேரி டிரேப்பர் இங்கிள்ஸ் என்பவரைப் பற்றியதாக இருக்க வேண்டும். 1755 ஜூலையில் வர்ஜீனியாவின் மேற்கு எல்லையில் இருந்த டிரேப்பர்ஸ் மெடோ என்ற சிற்றூரை ஷாவ்னி பழங்குடியினர் தாக்கினார்கள். ஆங்கிலேயருக்கும் பிரெஞ்சுக்காரருக்கும் அங்கே நடந்துகொண்டிருந்த போரின் ஒரு பகுதி அது. 1758-இல் பிரெஞ்சுத் தளபதி லாலி தஞ்சாவூரை முற்றுகையிட்டதும் அதே பகையின் தொடர்ச்சிதான் என்பதால், நமக்கு முற்றிலும் அந்நியமான சங்கதி என்று சொல்லிவிட முடியாது. வயலில் இருந்த கணவர் வில்லியம் உயிர் தப்பினார். இருபத்து மூன்று வயதுடைய மேரியும், சிறுபிள்ளைகளான தாமஸ், ஜார்ஜ் ஆகிய இரு மகன்களும், மேரியின் சகோதரரின் மனைவியும் சிறைப்பட்டு, ஒஹாயோ ஆற்றங்கரையில் இருந்த ஷாவ்னி ஊருக்குக் கொண்டுசெல்லப்பட்டார்கள். அங்கே பிள்ளைகளைத் தாயிடமிருந்து பிரித்துவிட்டார்கள்.

அந்தப் பயணத்தில் மேரி தம்மைக் காத்துக்கொள்ளச் செய்த ஒரே காரியம், வந்த வழியை மனத்தில் பதித்துக்கொண்டதுதான். அவர் ஊர்ப்பக்கம் ஓடும் நியூ ஆறு, கனாவா என்ற பெயரில் ஒஹாயோவில் கலக்கிறது. ஆகவே ஒஹாயோவின் கரையைப் பிடித்துக் கனாவாவின் கூடல்வாய் வரை போய், பிறகு அந்த ஆற்றை எதிர்த்து ஏறினால் வீடு வந்துவிடும். ஆனால் கரையோடு நடப்பது அவ்வளவு எளிதன்று. திருவையாற்றுக்காரரான உங்களுக்கு ஆறு என்றால் குடமுருட்டி, வெண்ணாறு, வெட்டாறு என்று பிரிந்து போவது. தலைப்புக்குத் தலைப்பு மதகும் பாலமும் உண்டு. அங்கேயோ வழிநெடுகத் துணையாறுகள் குறுக்கே வந்து கலக்கின்றன, மேரிக்கு நீச்சலும் தெரியாது. எனவே ஒவ்வொரு துணையாற்றின் கரையிலும், கால் ஊன்றிக் கடக்கும் அளவுக்கு நீர் குறையும் இடம்வரை மேலே நடந்து, கடந்து, மறுகரை வழியாகத் திரும்பவும் ஒஹாயோவுக்கே இறங்கி வரவேண்டியதாயிற்று. குறுக்கு வழி இருந்திருக்கும்தான். ஆனால் ஒஹாயோவை விட்டு விலகினால் மனத்தில் இருந்த வழி அறுந்துவிடும். ஏறத்தாழ 800 கிலோமீட்டர் என்று கணக்கிடப்படும் தொலைவில் கணிசமான பங்கு இப்படிப் போய்வந்த சுற்றுதான். துணிச்சலைப் பற்றி எல்லாரும் எழுதுகிறார்கள்; எனக்கு வியப்பளிப்பது, பசி வயிற்றைக் கிள்ளும்போதும் வந்த வழிக்கே திரும்பி இறங்கிய அந்தப் பிடிவாதம்.

கதை கட்டினார்களா என்று கேட்டீர்கள். அவருடைய மகன் ஜான், மீட்சிக்குப் பல ஆண்டுகள் கழித்துப் பிறந்தவர், தாய் சொல்லக் கேட்டதை 1820-களில் எழுதிவைத்தார். நாள், தூரம் ஆகியவற்றில் முன்பின் இருக்கலாமே தவிர, நடந்தது பொய்யன்று.

வேதாரண்யம் வாசகர் ஒருவர்: அவரை உப்பு வேலைக்கு வைத்திருந்தார்களாமே, கடலே இல்லாத இடத்தில் உப்பேது?

உவர் ஊற்று நீரிலிருந்துதான். பிக் போன் லிக் என்ற இடத்துக்கு, இன்றைய கென்டக்கி மாநிலத்தில் இருக்கிறது, அவரை அழைத்துப் போனார்கள். உங்கள் ஊரில் பாத்தி கட்டி வெயிலில் காயவிடுகிறோம். அங்கே கொப்பரையில் ஊற்றி விறகெரித்துக் காய்ச்ச வேண்டும். மாமூத் யானைகளின் பிரம்மாண்டமான எலும்புகள் கிடந்ததால் அந்த இடத்துக்கு அப்பெயர். அங்கிருந்துதான் அக்டோபரில், உடன் சிறைப்பட்டிருந்த முதிய பெண் ஒருவரோடு அவர் தப்பினார். வழியில் பிடித்துக்கொண்ட குதிரையொன்றையும் பிக் சாண்டி ஆற்றில் மிதவைக் கட்டைகளுக்கிடையே சிக்கவிட்டு இழந்தார்கள். காட்டுக் கொட்டைகளும் கிழங்கும் வேரும்தான் உணவு. பசி மிஞ்சியபோது, துணைக்கு வந்த மூதாட்டியே அவரைக் கொல்ல முற்பட்டார். மேரி தப்பி, கரையில் கிடந்த ஓடத்தில் மறுகரை சேர்ந்து, தனியே நடந்து, பழைய அண்டைவீட்டார் ஒருவரின் சோளக்கொல்லையை அடைந்தபோது நாற்பது நாட்களுக்கு மேல் ஆகியிருந்தது. அந்த மூதாட்டியும் பின்னர் மீட்கப்பட்டார்.

கும்பகோணம் வாசகி ஒருவர்: சிறையில் பெற்ற கைக்குழந்தையை விட்டுவிட்டு வந்தாராமே?

பிற்காலத்து நூல்கள் அப்படிச் சொல்கின்றன. மகன் ஜானின் குறிப்பில் அது இல்லை. இருந்ததை மறைத்தாரா, இல்லாததைப் பிறர் சேர்த்தார்களா என்று தீர்ப்புச் சொல்ல நான் துணியமாட்டேன். உறுதியாகத் தெரிந்தது வேறு: ஜார்ஜ் சிறையிலேயே இறந்தான். தாமஸ் பதின்மூன்று ஆண்டுகள் ஷாவ்னியரிடையே வளர்ந்து, 1768-இல் மீட்புப் பணம் கொடுத்துத் திரும்பப் பெறப்பட்டபோது, தாய்மொழியை மீண்டும் கற்க வேண்டிய பதினேழு வயது இளைஞன். தம்மைப் பறிகொடுத்த வீட்டாரிடம் திரும்புவது அவனுக்கு எளிதாக இருந்திருக்காது. அவனை வளர்த்த ஷாவ்னியரைப் பற்றி ஓரிரு வரியாவது எழுதியிருந்தால் நமது பார்வை இன்னும் நேர்மையாக அமைந்திருக்கும். மேரி மேலும் நான்கு பிள்ளைகளைப் பெற்று, நியூ ஆற்றில் குடும்பத்தார் நடத்திய ஓடத்துறையருகே வாழ்ந்து, 1815-இல் காலமானார்.