மினி-14: பழசா, புதுசா?

ரூகர் மினி-14 கார்பைன் (குட்டையான ரைபிள்) பற்றிப் பலரும் கேட்டிருந்தீர்கள். பழைய வரிசையும் புதியதும் இரண்டிலும் சுட்டுப் பழகியவன் என்ற தைரியத்தில் பதில் சொல்கிறேன்.

கே: அண்ணா, டல்லாஸில் இருக்கிறேன். கடைக்காரர் "இது புது மாடல், முன்ன மாதிரி இல்ல" என்கிறார். நம்பலாமா?

ப: அவர் வாயைப் பார்க்காதீங்க தம்பி, சீரியல் எண்ணைப் பாருங்க. 2005ல் ரூகர் தொழிற்சாலையில் இதைச் செய்யும் கருவிகளையே மாற்றினார்கள். அதன்பின் வந்தவற்றின் எண் 580லிருந்து தொடங்கும். ஆனால் 580 என்று பார்த்ததும் பணத்தை எடுத்துவிட வேண்டாம். தடித்த குழல் வந்தது அதற்கும் சில வருஷம் கழித்துத்தான். குழலைக் கையால் தடவிப் பாருங்க: பழசு பென்சில் மாதிரி ஒல்லி, புதுசில் அந்த ஒல்லித்தனம் இருக்காது.

கே: குழல் தடித்தால் என்ன லாபம்? எடைதானே கூடும்?

ப: எடை கூடும்தான். ஆனால் இந்தத் துப்பாக்கியின் பழைய வியாதியே குழலில்தான் இருந்தது. 1970களில் எம்14 ராணுவத் துப்பாக்கியைச் சுருக்கி .223 தோட்டாவுக்கு அமைத்தது இது. ஒல்லிக் குழல் நாலைந்து குண்டிலேயே சூடாகும், சூடானால் குண்டு விழும் இடம் நகரும். 100 கஜத்தில் நாலு அங்குலத்துக்குள் விழுந்தால் "பரவாயில்லையே" என்பார்கள் அந்தக் காலத்தில். புதியதில் இரண்டு அங்குலம் எதிர்பார்க்கலாம். குறிசுடும் பந்தயத்துக்குப் போதாது, பண்ணையில் கயோட்டி (நரி மாதிரி ஒரு ஓநாய்) விரட்டப் போதும்.

கே: வாங்குமுன் எப்படிச் சோதிப்பது?

ப: ஆறின குழலில் ஐந்து குண்டு, பெஞ்சில் மணல்மூட்டை வைத்து. அந்தத் தாளை எடுத்து வைத்துவிட்டு, ஆறவிடாமல் இன்னும் பத்து, வேறு தாளில். இரண்டு தாளையும் ஒன்றின்மேல் ஒன்று வையுங்க. பத்துக் குண்டு பரவியிருந்தால் கவலையில்லை, மொத்தமாக ஒரு பக்கம் நகர்ந்திருந்தால்தான் கவலை. பலர் முதல் ஐந்தை மட்டும் படம் எடுத்துப் போட்டுப் பெருமைப்படுகிறார்கள்; அது பாதிச் சோதனை. அப்புறம், கேஸ் பிளாக்கில் (குழலைக் கவ்விப் பிடித்து, வெடிவாயுவைப் பிரித்தெடுக்கும் பாகம்) நாலு ஸ்க்ரூ இருக்கும். அவை ஒரே சீராக இறுகியிருக்கிறதா என்று விவரம் தெரிந்தவரிடம் காட்டுங்க. குறி தவறுவதற்கு அதுவும் ஒரு காரணம்.

கே: ஸ்கோப் (குறிபார்க்கும் தொலைநோக்கி) மாட்டலாமா?

ப: மினி-14இன் ராஞ்ச் மாடலில் உடம்பிலேயே இடம் வெட்டியிருக்கும், ஸ்கோப்பைப் பிடிக்கும் வளையமும் கூடவே வரும். தாராளமாக மாட்டலாம்.

கே: சுடுதளத்தில் இதைச் சுட்டால் பக்கத்து லேன்காரர் முறைப்பார் என்கிறார்களே?

ப: காலித் தோட்டாவை அப்படித் தூர வீசும்! புதுசிலும் அந்தக் குணம் போகவில்லை. ஓரத்து லேன் கேட்டு வாங்குங்க.

கே: அதே காசுக்கு, அமெரிக்காவில் பரவலாக விற்கும் ஏஆர்-15 ரைபிளை வாங்கலாமே சார்?

ப: குறைந்த காசுக்கே வாங்கலாம், குறியும் மேல். புது மினி-14 ஆயிரம் டாலரைத் தாண்டிவிட்டது. மரக்கட்டை, எளிய பிஸ்டன், அழுக்கைத் தாங்கும் குணம், இவை பிடித்தவர்களுக்குத்தான் இது. கலிபோர்னியா மாதிரி, ரைபிளில் பிஸ்டல் பிடி (கைத்துப்பாக்கி மாதிரி தனியாகத் தொங்கும் பிடி) இருந்தால் கெடுபிடி செய்யும் இடங்களில் சாதாரண மரக்கட்டை மாடலுக்குச் சிக்கல் குறைவு. அங்கே இருந்தால் என் பதில் மாறும். டெக்சாஸில் இருந்துகொண்டு, பழசைப் பிடித்து வளர்ந்தவராகவும் இல்லை என்றால், ஏஆர் வாங்குங்க.

கே: டொராண்டோவில் இருக்கிறேன் அண்ணை, இங்கே எடுக்கலாமோ?

ப: ஏலாது. 2020 மே 1ஆம் திகதி கனடா தடை செய்த பட்டியலில் இதுவும் உண்டு. 1989ல் மொன்றியல் பொலிடெக்னிக்கில் 14 பெண்களைக் கொன்றவன் கையில் இருந்தது மினி-14. அங்கே அந்தப் பெயருக்கு வேறு கனம்.

கே: மதுரையில் லைசென்ஸ் போட்டு வாங்க முடியுமா?

ப: முடியாது. இது செமி ஆட்டோமேட்டிக் ரைபிள், அதாவது விசையை இழுக்க இழுக்க ஒவ்வொரு குண்டாகச் சுட்டு, அடுத்ததைத் தானே ஏற்றிக்கொள்வது. நம் ஆயுத விதிகளில் அது சாதாரண மக்களுக்கு லைசென்ஸ் கிடைக்காத வகை. ரைபிள் கிளப்பில் சேர்ந்து .22வில் (சின்னத் தோட்டா ரைபிள்) பழகுங்க, அதுவே நிறைய கற்றுத்தரும்.