பூச்சியக் குடியின் ஐந்து ஏடுகள்

அன்புள்ள அண்ணா,

களுவாஞ்சிகுடியில் இருந்து எழுதுகிறேன். ஒரு மாயக்கதை நாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். வாவிக்கரையில் 'பூச்சியக் குடி' என்று ஓர் இரகசியக் கூட்டம். கணிதம்தான் அவர்களின் வழிபாடு. கறுப்பு அங்கி, நாக்கை அறுக்கும் சத்தியம், பௌர்ணமி இரவில் முதன்மை எண்களை (பகா எண்களை)ப் பாடும் மீன்கள் எல்லாம் உண்டு. பெட்டகத்தைத் திறக்கும் எண்ணை ஓர் ஏட்டில் எழுதி, அதை ஐந்தாக வெட்டி ஐந்து வண்ணக்கர்களிடம் (கோயில் பொறுப்பாளர்களிடம்) கொடுத்து வைத்திருக்கிறார்கள். ஏழு அத்தியாயங்களை இணைத்துள்ளேன். "கணக்கை ஆராவது ஒளிச்சு வைப்பாங்களா?" என்று சிநேகிதிகள் சிரிக்கிறார்கள். நம்பும்படி இருக்கிறதா? கதைக்குள் உண்மையான கணிதம் வேண்டுமா, பெயர்களும் குறிகளும் போதுமா?

ச.

அன்புள்ள தங்கச்சி,

சிநேகிதிகளிடம் சொல்லுங்கள், ஒளித்து வைத்திருக்கிறார்கள். இத்தாலியில் பொலோஞ்ஞாவின் டெல் ஃபெர்ரோ முப்படிச் சமன்பாட்டின் ஒரு வகையைத் தீர்த்துவிட்டு, 1526இல் சாகும்வரை அதை அச்சிடவில்லை. அந்தக் காலத்தில் கணித ஆசிரியரை எவரும் பொதுப் போட்டிக்கு அழைக்கலாம், தோற்றால் பேரும் பிழைப்பும் போகும். மடிக்குள் ஒரு சூத்திரம் இருந்தால் அதுவே ஆயுதம். அவருடைய மாணவர் ஃபியோர் 1535இல் தார்த்தாலியாவை அழைத்து, கொடுத்த 30 கணக்குகளையும் அந்த ஒரே வகையில் கொடுத்தார். தார்த்தாலியா வழியைத் தானே கண்டுபிடித்து அவரை வென்றார். 1539இல் வெளியே சொல்வதில்லை என்று சத்தியம் வாங்கிக்கொண்டு அதைக் கார்தானோவுக்குச் சொன்னார். 1545இல் கார்தானோவின் புத்தகத்தில் அது அச்சாகிவிட்டது. சத்தியத்தின் பெறுமதி ஆறு வருடம். பிரான்சில் 1930களில் சேர்ந்த பூர்பாக்கி என்ற கணிதர் குழுவைப் பாருங்கள். இல்லாத ஒரு மனிதரின் பெயரில் புத்தகம் எழுதினார்கள். ஐம்பது வயதானால் உறுப்பினர் விலகவேண்டும். அங்கியும் இல்லை, நாக்கறுப்பும் இல்லை.

கறுப்பு அங்கியைக் கழற்றிவிடுங்கள், சித்திரை வெயிலுக்கு ஆகாது. கல்லடிப் பாலத்தடியில் மீன் முதன்மை எண் பாடுவதும் வேண்டாம். மட்டக்களப்பைப் பற்றி எழுதுகிற எல்லாரும் அந்த மீனைப் பாடவைத்துக் களைப்பாக்கிவிட்டார்கள். பெயர் அருமை. குடி நமக்குத் தாய்வழி வருவது. உங்கள் கதையில் அது நிறுவல் வழி வருகிறது, ஒரு தேற்றத்தை நிறுவினால் குடிக்குள் சேரலாம். அந்த ஒரு வரிக்காகவே ஏழு அத்தியாயமும் வாசித்தேன்.

ஆனால் அந்த ஏடு! மூன்றாம் அத்தியாயத்தில் ஒரு வண்ணக்கர் தோணி கவிழ்ந்து, இடுப்பில் செருகிய துண்டோடு வாவியில் போகிறார். ஏழாம் அத்தியாயத்தில் மற்ற நால்வரும் முழு எண்ணையும் வாசிக்கிறார்கள். எப்படி வாசித்தார்கள்? கணிதக் குடி என்று பெயர் வைத்துவிட்டு, கிழங்கு வெட்டுவதுபோல இரகசியத்தை வெட்டிக் கொடுத்திருக்கிறீர்கள். ஒரு துண்டு கறையானுக்குப் போனால் எல்லாம் போச்சு. அதைவிட மோசம், ஒவ்வொரு துண்டும் இரகசியத்தில் ஒரு பங்கைக் காட்டிக்கொடுக்கிறது. பத்து இலக்க எண்ணை இரண்டிரண்டாக வெட்டியிருக்கிறீர்கள். நாலு துண்டைத் திருடியவன் மிச்சத்தை நூறு தடவைக்குள் ஊகித்துவிடுவான்.

இதற்கு வழி 1979இல் வந்துவிட்டது. அடி ஷமீர், ஜார்ஜ் பிளேக்லி என்ற இரு கணிதர்கள் தனித்தனியாகக் கண்டார்கள். ஷமீரின் கட்டுரை இரண்டே பக்கம். நிலைக்குத்து அச்சுள்ள பரவளைவுகளை எடுத்தால், இரண்டு புள்ளிகளூடாக எத்தனையோ போகும், ஒரே கோட்டில் இல்லாத மூன்று புள்ளிகளூடாக ஒன்றுதான் போகும் என்பதே அதன் அடிப்படை. ஒவ்வொரு வண்ணக்கரின் ஏடும் அந்தப் பரவளைவில் ஒரு புள்ளி.

பெட்டக எண் 58 என்று வையுங்கள். அதைவிடப் பெரிய முதன்மை எண் ஒன்று வேண்டும், 97. குருட்டாம்போக்கில் இன்னும் இரண்டு எண்கள், 15, 8. ஐந்து வண்ணக்கருக்கும் 1 முதல் 5 வரை இலக்கம் கொடுங்கள். ஒருவரின் இலக்கத்தை 15ஆல் பெருக்கி, இலக்கத்தின் வர்க்கத்தை 8ஆல் பெருக்கி, இரண்டையும் 58உடன் கூட்டுங்கள். 97ஆல் வகுத்து வரும் மீதிதான் அவருடைய ஏட்டில் எழுதவேண்டியது. முதலாமவருக்கு 81. இரண்டாமவருக்கு 120 வரும், மீதி 23. மற்றவர்களுக்கு 78, 52, 42. பிறகு 15உம் 8உம் எழுதிய தாளை எரித்துவிடுங்கள். எரிக்காவிட்டால் எந்த ஒருவரின் ஏடு கிடைத்தாலும் பெட்டகம் திறந்துவிடும்.

முதல் மூவர் கூடினால் முதலாமவரின் எண்ணை மூன்று மடங்காக்கி, இரண்டாமவருடையதன் மூன்று மடங்கைக் கழித்து, மூன்றாமவருடையதைக் கூட்டவேண்டும். 243இல் 69 போக 174, அதோடு 78, ஆக 252. 97ஆல் வகுத்தால் மீதி 58. இருவர் மட்டும் கூடினால்? 0 முதல் 96 வரை எந்த எண்ணை நினைத்தாலும் அதற்குப் பொருந்தும் ஒரு சார்பு இருக்கும். பாதி இரகசியம்கூட அவர்களிடம் இல்லை, ஒன்றுமே இல்லை.

97 எதற்கு, சுகமாக 100ஐ எடுக்கலாமே என்று கேட்பீர்கள். எடுத்துப் பாருங்கள். இரண்டாமவரின் கணக்கில் கூட்டப்படுவது எல்லாம் இரட்டை, 100உம் இரட்டை. தன் ஏட்டை மட்டும் பார்த்தே இரகசியம் ஒற்றையா இரட்டையா என்று அவர் சொல்லிவிடுவார். நாலாமவருக்கு அதை 4ஆல் வகுத்த மீதி தெரியும், ஐந்தாமவருக்கு 5ஆல் வகுத்த மீதி தெரியும். அந்த இருவரும் திண்ணையில் இருந்து வெற்றிலை போடும் நேரத்துக்குள் நூறு சாத்தியம் ஐந்தாகச் சுருங்கிவிடும்.

இனி உங்கள் துரோகி. ஒன்பதாம் அத்தியாயத்தில் கத்தியோடு வரப்போகிறார் என்று குறிப்பு வைத்திருக்கிறீர்கள். கத்தி எதற்கு? மூவர் கூடும்போது மூன்றாமவர் 78 என்பதற்குப் பதிலாக 79 என்று சொல்லட்டும். எல்லாருக்கும் 59 வரும். தான் கூட்டியது ஒன்று என்பது அவருக்கு மட்டும் தெரியும், மனதுக்குள் ஒன்றைக் கழித்து 58ஐ வைத்துக்கொள்வார். மற்ற இருவரும் பெட்டகத்தோடு மல்லுக்கட்டிக்கொண்டிருப்பார்கள். நாலாமவரும் வந்திருந்தால் அவரின் 52இல் இருந்து மூன்றாமவருடையதன் மூன்று மடங்கைக் கழித்து, இரண்டாமவருடையதன் மூன்று மடங்கைக் கூட்டி, முதலாமவருடையதைக் கழிக்கவேண்டும். உண்மை சொன்னால் 52, 234, 69, 81 என்று போய் −194 வரும், 97ன் மடங்கு. 79 என்றால் −197, மடங்கில்லை. ஒருவர் பொய் சொல்கிறார் என்பது தெரிந்துவிட்டது, ஆர் என்பது தெரியாது. நால்வரும் ஒருவரை ஒருவர் பார்க்கும் அந்த இடம்தான் உங்கள் ஒன்பதாம் அத்தியாயம். ஐவரும் கூடினால் பொய்யரையே பிடிக்கலாம், அவரை விட்டால் மற்ற நால்வரும் பொருந்துவார்கள். ஆனால் ஐந்தாமவரைத்தான் நீங்கள் வாவியில் தள்ளிவிட்டீர்களே! தெரியாமல் செய்தாலும் நல்ல வேலை.

அவருடைய ஏடு ஒரு வலைக்காரர் கையில் சிக்கினால்? மிஞ்சிய நால்வரும் எண்ணை மாற்றாமலே ஏடுகளை மாற்றலாம். இலக்கத்தின் மூன்று மடங்கோடு வர்க்கத்தின் ஐந்து மடங்கைச் சேர்த்துப் பழைய எண்ணோடு கூட்டி, 97ன் மீதியை எடுத்தால் போதும். 81 போய் 89, 23 போய் 49, 78 போய் 35, 52 போய் 47. இரகசியம் அதே 58. வலைக்காரரின் 42ஐ இந்தப் புதிய ஏடுகளோடு சேர்த்தால் பிழையான விடைதான் வரும். பழைய ஏடுகளை அன்றைக்கே எரிக்கவேண்டும், ஒருவர் பாசத்தில் எடுத்து வைத்தாலும் ஆபத்து.

இவ்வளவையும் கூத்துக் களரியில் ஏறிப் பாடினாலும் பெட்டகம் திறக்காது. முறை ஊருக்கே தெரியட்டும், எண்கள் மட்டும் தெரியாமல் இருந்தால் போதும். கார்தானோவின் சத்தியம் உடைந்ததும் தார்த்தாலியாவுக்கு ஒன்றும் மிஞ்சவில்லை, ஏனென்றால் முறையேதான் அங்கே இரகசியம். உங்கள் குடி அப்படி இருக்கவேண்டாம்.

உண்மையான கணிதம் வேண்டுமா என்றல்லவா கேட்டீர்கள். மூன்றாம் அத்தியாயத்தைத் திருத்தி அனுப்பும்போது, பழைய ஏடுகளில் 2, 4, 5ஆம் ஆட்களை வைத்துத் தாளில் செய்து பாருங்கள். 23ன் பத்து மடங்கும் 42ன் எட்டு மடங்கும் சேர்ந்தால் 566, 97ன் மீதி 81. அதை 3ஆல் வகுத்து, 52ன் ஐந்து மடங்கைக் கழித்து, 97ஐ வேண்டிய தடவை கூட்டுங்கள். 58 வராவிட்டால் அத்தியாயத்தை அனுப்பவேண்டாம், அந்தத் தாளை அனுப்புங்கள்.

அன்புடன்,
அண்ணா