பப்பாளிப் பூவின் முன் அந்தியில் நிற்பது ஹம்மிங் பறவையா?

கேள்வி: ஐயா, தருமபுரி மாவட்டத்தில் 1 ஏக்கர் கோ 2 பப்பாளியும், அதை ஒட்டி 30 சென்ட் சர்க்கரைவள்ளியும் வைத்திருக்கிறேன். பொழுது சாயும் நேரத்தில் ஆண் பப்பாளிப் பூக்களுக்கு முன்னால் சின்னப் பறவை ஒன்று உட்காராமல் அந்தரத்தில் நின்றபடியே தேன் குடிக்கிறது. மகன் செல்போனில் எடுத்துப் பார்த்துவிட்டு ஹம்மிங் பறவை என்கிறான். காலையில் கருநீல நிறத்தில் ஒன்று வாழைப்பூவுக்கு வருகிறது. இரண்டும் ஒன்றுதானா? சர்க்கரைவள்ளியில் பல இடங்களில் இலை போய்க் காம்பு மட்டும் நிற்கிறது. வாலில் கொம்பு வைத்த பெரிய புழு ஒன்றும் கண்ணில் பட்டது. இரண்டு தோட்டத்துக்கும் சேர்த்து மருந்து அடித்துவிடலாமா?

பதில்: மருந்தை இப்போதைக்கு எடுக்காதீர்கள். நீங்கள் சொன்ன மூன்றில் இரண்டு ஒரே குடும்பத்தைச் சேர்ந்தவை. அந்தியில் பப்பாளிக்கு வருவது பருந்து அந்துப்பூச்சி. கிழங்குக் கொடியைத் தின்பதும் அதே வகை அந்துப்பூச்சியின் புழு. தாய்ப்பூச்சி உங்கள் பப்பாளிக்கு வேண்டியது, புழு உங்கள் கிழங்குக்கு வேண்டாதது. சேர்த்து அடித்தால் ஒன்றைக் காக்கப்போய் இன்னொன்றைக் கெடுத்துக்கொள்வீர்கள்.

முதலில் ஹம்மிங் பறவை. ஓசனிச்சிட்டு என்றும் சொல்வார்கள். அது இந்தியாவில் இல்லை. வடக்கே அலாஸ்காவிலிருந்து தெற்கே அர்ஜென்டினா, சிலியின் கடைக்கோடி வரை அமெரிக்கக் கண்டங்களிலும், கியூபா போன்ற அந்தப் பக்கத்துத் தீவுகளிலும் மட்டும்தான் அவை வாழ்கின்றன. ஏறக்குறைய 360 இனங்கள் உண்டு, ஒன்றுகூட நம் பக்கம் வலசை வருவதில்லை. ஆகவே தமிழ்நாட்டுத் தோட்டத்தில் ‘ஹம்மிங் பறவை’ என்று யார் படம் காட்டினாலும் அது தேன்சிட்டாகவோ பருந்து அந்துப்பூச்சியாகவோதான் இருக்கும். உங்கள் மகன் ஏமாந்ததில் வியப்பில்லை. மூன்றும் குழல்போன்ற பூவிலிருந்து தேன் எடுத்துப் பிழைப்பவை, அதனால் தூரத்துப் பார்வைக்கு ஒரே சாயலாகத் தெரிகின்றன.

அந்தியில் வருவது பறவையா பூச்சியா என்பதை ஒரே மாலையில் உறுதி செய்துவிடலாம். செல்போனில் ஸ்லோ மோஷன் வைத்து எடுத்து, ஓரிடத்தில் நிறுத்தித் தலையைப் பாருங்கள். தலையிலிருந்து முன்பக்கம் நீட்டிக்கொண்டு இரண்டு உணர்கொம்புகள் இருந்தால் அது பூச்சி. எந்தப் பறவைக்கும் உணர்கொம்பு கிடையாது. அடுத்து, பூவை விட்டு நகரும் நொடியைப் பாருங்கள். நீங்கள் அலகு என்று நினைத்தது தலைக்கு அடியில் சுருண்டு மடங்கும். அதுதான் உறிஞ்சுகுழல், அலகு சுருளாது. வால் இறகு போலத் தெரிவது உடல் நுனியில் விரிந்திருக்கும் மயிர்க்கற்றை. டார்ச் வெளிச்சம் பட்டால் கண் தணல் நிறத்தில் மின்னும். டார்ச் முகப்பில் சிவப்புக் கண்ணாடித்தாளைக் கட்டிக்கொண்டால் பூச்சி அவ்வளவாகக் கலையாது.

எந்த அந்துப்பூச்சி என்பதற்கும் ஒரு குறிப்பு உண்டு. சர்க்கரைவள்ளி அந்துப்பூச்சி சாம்பல் நிறம். உடலின் இருபுறமும் இளஞ்சிவப்பும் கறுப்புமாகப் பட்டைகள். இறக்கை விரித்தால் 8 முதல் 12 செ.மீ. அதன் உறிஞ்சுகுழல் உடலைவிட நீளம், ஆகவே முகத்தைப் பூவுக்கு அரைச் சாண் தள்ளியே வைத்துக்கொண்டு குடிக்கும். பூவோடு ஒட்டி நிற்பது பழுப்பு நிறத்தில், இறக்கையில் வெள்ளிக்கோடு ஓடினால் அது திராட்சை, சேம்பு இலைகளில் முட்டை வைக்கும் இனம். நல்ல வெயிலிலேயே வந்து, ஒவ்வொரு பூவிலும் ஓரிரு நொடி நின்று பாய்கிற கட்டைவிரல் அளவுப் பூச்சி இன்னொரு வகை. அதன் புழுக்கள் பெரும்பாலும் நுணா குடும்பச் செடிகளில் வளர்பவை, உங்கள் பயிருக்குத் தொந்தரவில்லை. எள்ளிலும் கத்தரியிலும் காணும் பெரிய கொம்புப்புழுவின் தாய்க்கு உறிஞ்சுகுழல் குட்டை. அது பூ முன் நிற்காது, இரவில் தேனீப் பெட்டிக்குள் புகுந்து தேன் திருடும்.

காலையில் வாழைப்பூவுக்கு வருவது தேன்சிட்டு. இதைப் பிரித்தறிய அது உட்காருவதைக் கவனித்தாலே போதும். தேன்சிட்டு சற்று நேரம் அந்தரத்தில் சிறகடிக்கும், ஆனால் குடிப்பது பெரும்பாலும் மடலையோ காம்பையோ நகத்தால் பற்றிக்கொண்டுதான், சில நேரம் தலைகீழாகவும். அலகு கீழ்நோக்கி வளைந்திருக்கும். நீளம் சுமார் 10 செ.மீ. நிழலில் கறுப்பாகவும் வெயில் பட்டால் ஊதா, நீலமாக மின்னுவதாகவும் இருந்தால் ஊதாத் தேன்சிட்டின் ஆண். இனப்பெருக்கக் காலம் முடிந்ததும் அதே ஆண் அடிவயிறு மஞ்சளாகி, தொண்டையிலிருந்து நடுவில் ஒரு கருங்கோடு மட்டும் வைத்திருக்கும். அதை வேறு பறவை என்று எண்ணிவிடுவார்கள். மார்பில் செம்பழுப்புப் பட்டையும் வயிற்றில் மஞ்சளும் இருந்தால் ஊதாப்பிட்டத் தேன்சிட்டு. பெண் பறவைகள் மேலே பழுப்பு, கீழே மங்கலான மஞ்சள். இவை குஞ்சுகளுக்குச் சிறு பூச்சியும் சிலந்தியும் பிடித்துக் கொடுப்பவை. வாழைக்கு இவற்றால் ஒரு கெடுதலும் இல்லை. நாம் பயிரிடும் வாழை மகரந்தச் சேர்க்கை இல்லாமலே காய்ப்பதால் பூவில் யார் தேன் குடித்தாலும் தாருக்கு ஒன்றுமில்லை. சிலந்தி நூலில் கட்டித் தொங்கும் கூட்டைக் கண்டால் விட்டுவிடுங்கள். 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி இவற்றைப் பிடிப்பதும் கூட்டைக் கலைப்பதும் குற்றம்.

வேலியோரம் மாமரம் இருந்தால் இன்னொரு குட்டிப் பறவையும் கண்ணில் படும். 8 செ.மீ.தான் இருக்கும், நிறம் மங்கல், அலகு குட்டை. அது பூக்கொத்தி. புல்லுருவிப் பழத்தைத் தின்று பசையுள்ள விதையைக் கிளைகளில் ஒட்டிவிட்டுப் போகும். பறவையை விரட்டிப் பயனில்லை, புல்லுருவியைப் பழம் வருமுன் கிளையோடு வெட்டி எடுங்கள்.

இனி, பப்பாளியில் அந்துப்பூச்சியை ஏன் விட்டுவைக்கச் சொல்கிறேன் என்பது. கோ 2 ஆண் மரம், பெண் மரம் தனித்தனியாக வரும் ரகம். ஆண் பூவின் மகரந்தம் பெண் பூவுக்குப் போய்ச் சேர வேண்டும். ஆண் பூ நீண்ட குழலாகவும் வெளிர் நிறமாகவும் அந்தியில் மணப்பதாகவும் இருப்பது இந்தப் பூச்சிகளுக்காகத்தான். ஒரு மாலை சற்று நின்று கவனியுங்கள். ஆண் கொத்தில் பூச்சி பூவுக்குப் பூ நின்று குடிக்கும். பெண் பூவுக்கு வந்தால் கணப்பொழுதில் விலகிவிடும். பெண் பூவில் தேன் இல்லை. ஆண் பூ என்று நினைத்து வந்து ஏமாந்து போகும் அந்தக் கணத்தில்தான் சூல்முடியில் மகரந்தம் ஒட்டுகிறது. பூச்சி வரத்து குறைந்தால் பிஞ்சு உதிரும், நிற்கும் காயிலும் விதை குறைந்து பருமன் ஏறாது. அந்தியில் பூவின் மேல் பூச்சிமருந்து அடிப்பது இந்த வரத்தை அறுப்பதுதான்.

அதே காரணத்தால் ஆண் மரங்களையும் எண்ணிப் பாருங்கள். 15 முதல் 20 பெண் மரங்களுக்கு ஓர் ஆண் மரம் வேண்டும். 1.8 மீட்டர் இடைவெளியில் நட்டிருந்தால் ஏக்கருக்குச் சுமார் 1,250 மரங்கள், அதில் 60 முதல் 80 ஆண் மரங்கள் தோட்டம் முழுக்கப் பரவலாக இருக்கட்டும். ஒரு மூலையில் குவிந்திருந்தால் எதிர் மூலையில் காய்ப்பு குறையும். மிஞ்சிய ஆண் மரங்களைப் பூ தெரிந்ததும் எடுத்துவிடலாம். மாவுப்பூச்சிக்கென்று கடும் மருந்து அடிக்கும் பழக்கம் இருந்தால் அதையும் நிறுத்துங்கள். பப்பாளி மாவுப்பூச்சியை அடக்க 2010இல் வரவழைத்து விடப்பட்ட ஒட்டுண்ணிக் குளவியும் அதில் சாகும்.

சர்க்கரைவள்ளிக்கு வருவோம். கொம்பைக் கண்டு பயப்பட வேண்டாம், அது கொட்டாது. புழு பச்சையாகவோ பழுப்பாகவோ, பக்கவாட்டில் சாய்ந்த கோடுகளோடு, ஒரு விரலுக்கு மேல் நீளும். கொடிக்கு அடியில் வரிவரியான பெரிய எச்சம் உருண்டை உருண்டையாகக் கிடந்தால் அதற்கு நேர் மேலே தேடுங்கள். 30 சென்ட்டுக்குக் கையால் பொறுக்குவதே முதல் வழி. காலையிலும் அந்தியிலும் டார்ச்சோடு போய் எடுத்துச் சோப்புத் தண்ணீரில் போடுங்கள். மேலே வெள்ளை நூல்கூடுகள் ஒட்டியிருக்கும் புழுவை மட்டும் விட்டுவிடுங்கள், அதில் குளவிகள் வளர்கின்றன.

பொறுக்கியும் ஓயாமல் 3 செ.மீ.க்குக் குறைந்த குஞ்சுப்புழு நிறைய இருந்தால் பேசில்லஸ் துரிஞ்சியென்சிஸ் என்னும் பாக்டீரியாப் பொடியை லிட்டருக்கு 2 கிராம் கலந்து கிழங்குக் கொடிக்கு மட்டும் அடியுங்கள். 30 சென்ட்டுக்கு 60 லிட்டர் தண்ணீர், 120 கிராம் பொடி. வெயிலில் அதன் வீரியம் போய்விடும், எனவே மாலை 4 மணிக்குப் பிறகு, இலையின் அடிப்பக்கமும் நனைய அடிக்க வேண்டும். தின்ற புழுவைத்தான் அது கொல்லும், பூவுக்கு வரும் தாய்ப்பூச்சியை ஒன்றும் செய்யாது. இல்லாவிட்டால் வேப்பங்கொட்டைக் கரைசல்: 3 கிலோ வேப்பம்பருப்பை இடித்து 6 லிட்டர் தண்ணீரில் இரவு முழுக்க ஊறவைத்து, வடிகட்டி 60 லிட்டராக்கி, 120 கிராம் சோப்பு கரைத்துச் சேருங்கள். விரல் நீளம் தாண்டிய புழுவுக்கு இவை இரண்டும் பலிக்காது, அதைக் கையால்தான் எடுக்க வேண்டும். கொடி தரையை மூடிய பிறகு கொஞ்சம் இலை போனால் கிழங்கு பெரிதாகக் குறையாது. கிழங்கு பிடிக்கும் பருவத்திலும் அதற்கு முன்னும்தான் விடாமல் கவனிக்க வேண்டும்.

விளக்குப்பொறி வைக்கச் சொல்வார்கள். உங்கள் இடத்தில் வேண்டாம், பப்பாளிக்கு வருகிற பூச்சி அத்தனையும் அதில் விழும். அதற்குப் பதில் கிழங்கு எடுத்தவுடன் நிலத்தை அரை அடி ஆழம் உழுதுவிடுங்கள். புழு மண்ணுக்குள் போய்த்தான் கூட்டுப்புழுவாகிறது. செம்பழுப்பு நிறத்தில், முகப்பில் ஜக்கின் கைப்பிடி போல ஒரு வளையத்தோடு கிடைத்தால் அது சர்க்கரைவள்ளி அந்துப்பூச்சியின் கூட்டுப்புழு. அந்த வளையத்துக்குள்தான் அதன் நீண்ட உறிஞ்சுகுழல் உருவாகிறது. உழவுக்குப் பின்னால் வரும் மைனாவும் காகமும் மேலே வந்ததைப் பொறுக்கிவிடும், மிச்சம் இருப்பதைச் சால் ஓரமாகப் பார்த்து நீங்கள் எடுத்துவிடுங்கள்.