வீட்டுக்குத் தெரியாமல், குறைந்த செலவில் மகளிர் நல மருத்துவரைப் பார்க்க முடியுமா?

கேட்டவர் தன் பெயரைச் சொல்லவில்லை. மாதவிடாய் தள்ளிப் போயிருக்கிறது, கருத்தடை பற்றியும் பேச வேண்டும், கையில் பணம் குறைவு, வீட்டுக்குத் தெரியக்கூடாது, எங்கே போவது என்று கேட்டிருக்கிறார். முடியும் என்பதுதான் என் பதில். ஆனால் போவதற்கு முன் சில விஷயங்களைத் தெரிந்துகொள்ளுங்கள்.

எனக்கு 22 வயதில் வெள்ளைப்படுதலும் அடிவயிற்று வலியும் வந்தது. பயத்தில் இரண்டு மாதம் கடத்திவிட்டுத்தான் கிளினிக்குக்குப் போனேன். டாக்டர் அதட்டவில்லை, தேவையில்லாமல் எதையும் துருவவில்லை, கதவைச் சாத்திவிட்டுத்தான் பேசினார். விஷயம் கசிந்தது ரிசப்ஷனில். நூலில் கட்டிய பேனாவோடு ஒரு படிவத்தை நீட்டினார்கள். 'தொடர்பு எண்' என்ற கட்டத்தில் பழக்கதோஷத்தில் வீட்டு எண்ணை எழுதிவிட்டேன். நான்கு நாள் கழித்து லேபிலிருந்து போன். எடுத்தது அம்மா. ரிப்போர்ட் வந்துவிட்டது என்பதோடு, அது என்ன பரிசோதனை என்பதையும் சேர்த்துச் சொல்லிவிட்டார்கள். ஒரு வார மாத்திரையில் சரியாகிற தொற்றுதான். ஆனால் அன்று மாலை வீட்டில் நடந்த விசாரணைக்குப் பிறகு இரண்டு வருடம் நான் எந்த மருத்துவரிடமும் போகவில்லை. அந்த இரண்டு வருடத்தை நினைத்தால் இன்றும் மனசு கஷ்டப்படுகிறது.

அதனால்தான் சொல்கிறேன், டாக்டரைப் பற்றி மட்டும் கவலைப்படாதீர்கள். நோயாளி சொன்ன ரகசியத்தைக் காப்பேன் என்பது உலக மருத்துவச் சங்கம் 1948ல் ஏற்ற ஜெனீவா பிரகடனத்திலேயே இருக்கும் உறுதிமொழி. நோயாளி இறந்த பிறகும் காக்க வேண்டும் என்கிறது இப்போதைய வடிவம். பெரும்பாலும் கசிவது மற்ற இடங்களில்தான்: படிவத்தில் எழுதும் எண், பூட்டிய திரையிலும் எட்டிப் பார்க்கும் குறுஞ்செய்தி, குடும்பத்தில் எல்லோரும் பார்க்கும் மின்னஞ்சல், பையில் மறந்துபோன மருந்துச் சீட்டு. எல்லாவற்றையும்விடக் காப்பீடு. அப்பா பெயரில் உள்ள பாலிசியில் பில் போட்டால், எந்தச் சிகிச்சைக்கு எவ்வளவு என்ற விவரம் அவருக்கே போய்ச் சேரலாம்.

முன்பதிவுக்கு முன் ஒரு முறை போன் செய்யுங்கள். பெயர் சொல்ல வேண்டியதில்லை. "ரிப்போர்ட்டை நானே நேரில் வந்து வாங்கலாமா? என் எண்ணைத் தவிர வேறு எதற்கும் கூப்பிடாமல் இருப்பீர்களா? காப்பீடு இல்லாமல் நேரடியாகப் பணம் கட்டினால் மொத்தம் எவ்வளவு, அதில் பரிசோதனையும் சேர்த்தியா?" இதைக் கேட்டால் போதும். பதில் சொல்கிற தொனியிலேயே அந்த இடம் எப்படிப்பட்டது என்று பாதி தெரிந்துவிடும்.

இரண்டு வருடம் கழித்து நான் போன இடத்தில் ஒரு நர்ஸ் என்னைத் தனியாக உட்கார வைத்து, "போன் பண்ணா எந்தப் பேரைச் சொல்லிக் கூப்பிடட்டும்மா? எந்த நேரம் உனக்குச் சௌகரியம்?" என்று கேட்டு, ஒரு துண்டுச் சீட்டில் குறித்து என் கோப்பின் மேல் பின் செய்தார். அந்தச் சீட்டைப் பார்த்த பிறகுதான் எனக்கு மூச்சு வந்தது.

ஒன்றை மறைக்காமல் சொல்ல வேண்டும். உயிருக்கு ஆபத்து, சிறார் மீதான வன்முறை, நீதிமன்ற உத்தரவு மாதிரியான நிலைகளில் டாக்டர் பேச வேண்டி வரலாம். உங்கள் வயது 18க்குக் கீழே என்றாலோ, கருக்கலைப்பு பற்றிய கேள்வி என்றாலோ, சட்டம் நாட்டுக்கு நாடு மாறும். அப்படியானால் உங்கள் கதையைச் சொல்ல ஆரம்பிக்கும் முன்பே, "நான் சொல்வதில் எதையெல்லாம் நீங்கள் வெளியே சொல்ல வேண்டியிருக்கும்?" என்று கேளுங்கள். கேட்க உங்களுக்கு முழு உரிமை உண்டு.

செலவுக்கு வருவோம். அரசு மருத்துவமனை, குடும்பநல மையம், கல்லூரி வளாக மருத்துவ மையம், தொண்டு நிறுவன கிளினிக் என்று முதலில் விசாரியுங்கள். வருமானத்துக்கு ஏற்பக் கட்டணம் வாங்கும் இடங்களும் உண்டு. ஆனால் 'இலவசக் கர்ப்ப ஆலோசனை' என்று மட்டும் விளம்பரம் செய்கிற இடங்களில் கவனம் தேவை. அங்கே பதிவு பெற்ற மருத்துவர் இருக்கிறாரா, கருத்தடை தருவார்களா என்று கேளுங்கள். சில இடங்களில் இரண்டும் இருக்காது, கருக்கலைப்பு வேண்டாம் என்று மனதை மாற்றப் பார்த்தே நாளை ஓட்டிவிடுவார்கள்.

கருத்தடை மாத்திரை தொடங்க உள்பரிசோதனை செய்தே ஆக வேண்டும் என்று பலர் பயந்து போகாமலே இருக்கிறார்கள். தேவையில்லை. இரத்த அழுத்தம் பார்த்து, ஒற்றைத் தலைவலி, இரத்தக் குழாயில் இரத்தம் உறைதல், புகைப்பழக்கம் பற்றிக் கேட்டாலே பெரும்பாலும் போதும். விலை குறைந்த ஜெனரிக் மாத்திரையில் இருப்பதும் அதே மருந்துதான். கருப்பைக்குள் வைக்கும் சிறு கருத்தடைச் சாதனமான காப்பர் டி என்றால், பொருத்தும்போது ஒரே செலவு, பல வகைகள் 10 வருடம் வரை வேலை செய்யும். ஆனால் பால்வினை நோயிலிருந்து காப்பாற்றுவது ஆணுறைதான், மாத்திரையோ காப்பர் டியோ காப்பாற்றாது. கிளமிடியா மாதிரியான தொற்று பெரும்பாலும் அறிகுறியே காட்டாது, கவனிக்காமல் விட்டால் கருக்குழாயைப் பாதிக்கும். இதற்கான மாதிரியைப் பல இடங்களில் நீங்களே எடுத்துக் கொடுக்கலாம்.

இப்போது உங்கள் தள்ளிப்போன மாதவிடாய். கிளினிக்குக்கு முன்பே சிறுநீர்ப் பரிசோதனைக் கிட் ஒன்று வாங்கி, காலையில் எழுந்ததும் போகும் முதல் சிறுநீரில் பாருங்கள். மாதவிடாய் வரவேண்டிய நாள் தாண்டியிருந்தாலோ, உறவு நடந்து 3 வாரம் ஆகியிருந்தாலோ முடிவை நம்பலாம். உறவு நடந்து 5 நாள் கூட ஆகவில்லை என்றால் நிலைமை வேறு: அவசர கருத்தடை மாத்திரை 72 மணி நேரத்துக்குள் நன்றாக வேலை செய்யும், நேரம் ஆக ஆக பலன் குறையும். காப்பர் டி 5 நாளுக்குள் பொருத்தினால் அதைவிட உறுதி. அந்த மாத்திரை கருமுட்டை வெளிவருவதைத் தள்ளிப்போடுகிறது. ஏற்கெனவே தரித்த கருவைக் கலைக்காது.

பரிசோதனையில் கர்ப்பம் என்று வந்து, ஒரு பக்கமாகக் கடும் வலி, தோள்பட்டை வலி, மயக்கம் இருந்தால் கரு கருப்பைக்கு வெளியே, கருக்குழாயில் தங்கியிருக்கலாம். அப்போது ரகசியம், செலவு எதையும் யோசிக்காமல் பக்கத்தில் இருக்கும் அவசர சிகிச்சைப் பிரிவுக்கு உடனே போங்கள்.

தனியாகப் போகத் தயக்கமாக இருந்தால் நம்பிக்கையான தோழியைக் கூட்டிப் போங்கள், அவர் வெளியே காத்திருந்தாலே தெம்பாக இருக்கும். டாக்டர் அறைக்குள் முதல் ஐந்து நிமிடமாவது நீங்கள் மட்டும் பேசுங்கள். அப்புறம் படிவத்தில் எண் எழுதும்போது, இரண்டு தடவை சரிபாருங்கள்.