ஆட்டிசம் உள்ள மகன், மதுரைக்கு மாறுதல்: விலக்குக் கேட்க முடியுமா?

கேள்வி: சென்னையில் மத்திய அரசு அலுவலகம் ஒன்றில் பணிபுரிகிறேன். ஒன்பது வயது மகனுக்கு ஆட்டிசம். மாற்றுத்திறனாளி சான்றிதழில் 60 சதவீதம் என்று உள்ளது. சுழற்சி முறையில் என்னை மதுரைக்கு மாற்றிவிட்டார்கள். விலக்குக் கேட்ட மனுவை ‘நிர்வாகக் காரணங்களால் ஏற்க இயலாது’ என்று ஒரே வரியில் தள்ளிவிட்டார்கள். மருத்துவ விடுப்பில் இருந்துகொண்டு, எம்.பி.யிடம் சிபாரிசுக் கடிதம் வாங்கலாமா?

பதில்: இரண்டும் வேண்டாம். மனு நிலுவையில் இருக்கிறது என்பதற்காகப் புதிய இடத்தில் சேராமல் இருக்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் 1989-லேயே, குஜராத் மின் வாரிய வழக்கில் சொல்லிவிட்டது. மாறுதலைத் தவிர்க்க எடுக்கும் விடுப்பு ஒழுங்கு நடவடிக்கையில் முடியும். சிபாரிசுக் கடிதமோ, 1964-ஆம் ஆண்டு நடத்தை விதிகளில் 20-ஆவது விதிக்கு எதிரானது. நியாயமான கோரிக்கையை நீங்களே பலவீனப்படுத்திக்கொள்ளாதீர்கள்.

உங்கள் கையில் இருக்கும் நல்ல ஆயுதம், மத்தியப் பணியாளர் துறை 8.10.2018 அன்று வெளியிட்ட குறிப்பாணை. 40 சதவீதத்துக்குக் குறையாத ஊனம் உள்ள பிள்ளை, பெற்றோர், துணைவர், உடன்பிறந்தோர் ஆகியோரைப் பராமரிக்கும் ஊழியருக்குச் சுழற்சி மாறுதலிலிருந்து விலக்கு அளிக்கலாம் என்கிறது அது. ‘நிர்வாகச் சூழலுக்கு உட்பட்டு’ என்ற சொற்களும் அதில் உண்டு. அலுவலகங்கள் ஒளிந்துகொள்வது இங்கேதான். அந்தச் சூழல் என்னவென்று சொல்லாமல், சொற்றொடரை மட்டும் எழுதி ஒரு குழந்தையின் பராமரிப்பை ஒதுக்கித் தள்ளுவது சரியல்ல.

ஆகவே, உரிய வழியாக மறுபடியும் மனுக் கொடுங்கள். குறிப்பாணையின் தேதியைக் குறிப்பிடுங்கள். பராமரிப்பின் முதன்மைப் பொறுப்பு உங்களுடையது என்பதை விளக்குங்கள். வாரத்தில் எத்தனை நாள் பயிற்சி, இடம் மாறினால் குழந்தைக்கு என்ன பாதிப்பு என்று சிகிச்சை மையத்திடம் கடிதம் வாங்கி இணையுங்கள். பொதுவான மருத்துவச் சான்றிதழைவிட இந்த ஒரு கடிதத்துக்கு எடை அதிகம். சென்னையில் காலியிடங்கள் எத்தனை, உங்களைவிட நீண்ட காலம் இங்கேயே இருப்பவர்கள் யார் என்பதைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். காரணங்களுடன் கூடிய ஆணை வேண்டும் என்றும் எழுதுங்கள்.

அதற்கும் பலன் இல்லையென்றால், மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வில் மனுத் தாக்கல் செய்து இடைக்காலத் தடை கேளுங்கள். நேராக உயர் நீதிமன்றம் போக முடியாது. (தமிழ்நாடு அரசு ஊழியர்கள் உயர் நீதிமன்றத்தைத்தான் அணுக வேண்டும்.) வழிகாட்டு நெறிகள் ஊழியருக்கு உரிமை எதையும் தருவதில்லை என்று அப்பாஸ் வழக்கில் 1993-இல் உச்ச நீதிமன்றம் கூறியதை அரசுத் தரப்பு கட்டாயம் எடுத்துக்காட்டும். அதே தீர்ப்பு, அந்த நெறிகளை மனத்தில் கொள்ளவும் ஊழியரின் மனுவைப் பரிசீலிக்கவும் அதிகாரி கடமைப்பட்டவர் என்றும் சொல்கிறது. உங்கள் வழக்கறிஞர் அழுத்த வேண்டியது அந்தப் பகுதியை. மாறுதலையே ரத்து செய்வதைவிட, மனுவை மறுபரிசீலனை செய்யுமாறு தீர்ப்பாயம் உத்தரவிடவே வாய்ப்பு அதிகம்.

சென்னை அலுவலகத்திலிருந்து விடுவிக்கப்படுவதற்கு முன்பே தீர்ப்பாயத்துக்குப் போய்விடுவது நல்லது. தடை கிடைக்காவிட்டால் மதுரையில் சேர்ந்துவிடுங்கள். ‘வழக்கின் முடிவுக்கு உட்பட்டுச் சேருகிறேன்’ என்று பணியேற்புக் கடிதத்தில் எழுதிக் கொடுங்கள். சேர்ந்துவிட்டதால் உங்கள் வழக்கு செத்துவிடாது.