இரண்டு கணக்குகளில் ஒன்றுக்கு மட்டும் அழைப்பு வருவது குறித்து

வணக்கம். கொழும்பு புறக்கோட்டை அலுவலகத்தின் 011 இலக்கத்தையும் லண்டனின் 020 இலக்கத்தையும், கணினியிலிருந்து இணையவழி அழைப்பு எடுக்க உதவும் மைக்ரோசிப் (MicroSIP) மென்பொருளில் இரு கணக்குகளாகச் சேர்த்திருந்தும், ஒன்றைத் தெரிவுசெய்தவுடன் மற்றதற்கு அழைப்பு வருவதில்லை என்று எழுதியிருந்தீர்கள். இது பழுது அன்று. அந்த மென்பொருள் பல கணக்குகளைச் சேமித்து வைத்தாலும், ஒரு நேரத்தில் ஒன்றை மட்டுமே சேவை வழங்குநரின் சேர்வரில் பதிவுசெய்யும். பதிவாகாத கணக்குக்கு வரும் அழைப்பை எந்தக் கணினிக்கு அனுப்புவது என்று சேர்வருக்குத் தெரியாது.

மைக்ரோசிப் பழகிவிட்டதென்றால், நிறுவாமலே இயங்கும் அதன் போர்ட்டபிள் பதிப்பை இரண்டு தனிக் கோப்புறைகளில் வைத்து, ஒவ்வொன்றிலும் ஒரு கணக்கை இட்டு, இரண்டையும் சேர்த்து இயக்கலாம். இரண்டிலும் 5060 என்ற ஒரே போர்ட்டை (கணினியில் அழைப்புத் தரவு வந்துபோகும் வாயிலின் எண்) நிலையாகக் குறித்துவிடாதீர்கள், மோதல் வரும்.

எனினும், என் தெரிவு லின்ஃபோன் (Linphone) என்ற இதே வகை மென்பொருள்தான். அதில் எல்லாக் கணக்குகளும் ஒரே நேரத்தில் பதிவில் இருக்கும். வெளியே செல்லும் அழைப்பு, நீங்கள் இயல்புநிலையாகத் தெரிவுசெய்த கணக்கின் வழியாகப் போகும். ஆகவே அழைக்குமுன் அது எந்தக் கணக்கு என்று பார்ப்பது அவசியம்.

பலரும் கவனிக்காத சிக்கல் ஒன்றும் உண்டு. பிரித்தானியக் கைத்தொலைபேசி இலக்கங்களும் 07 என்றே தொடங்குவதால், லண்டன் கணக்கிலிருந்து 077 என்று நம்மூர் வாடிக்கையாளரை அழைத்தால், அங்குள்ள வழங்குநர் அதை உள்நாட்டு இலக்கமாகவே எடுத்துக்கொள்ளக்கூடும். தொடர்புகள் அனைத்தையும், முதல் பூச்சியத்தை நீக்கி, இலங்கை இலக்கத்துக்கு +94, பிரித்தானிய இலக்கத்துக்கு +44 சேர்த்தே சேமியுங்கள்.

பிறகு ஒவ்வொரு கணக்கிலிருந்தும் உங்கள் கைத்தொலைபேசிக்கே ஓர் அழைப்பு எடுத்து, திரையில் தோன்றும் இலக்கத்தைச் சரிபாருங்கள். அது பிழையாக இருந்தால், மாற்ற வேண்டியது பெரும்பாலும் வழங்குநரின் பக்கத்தில்தான்.