வாதாடவே அனுமதி வாங்கணுமா?

கேள்வி: அட்டைப்பெட்டி சப்ளை செய்தவருக்கு நான் தர வேண்டியது 18 லட்ச ரூபாய். அதில் 6 லட்சத்துக்கு வந்த லோடு ஈரம் ஏறி நைந்துபோன சரக்கு, அதனால் கொடுத்த செக்கை ஸ்டாப் பேமென்ட் செய்துவிட்டேன். அவர் வணிக நீதிமன்றத்தில் சம்மரி சூட் போட்டு, நான்கு நாளைக்கு முன்பு சம்மன் வந்தது. பதில் போட 120 நாள் இருக்கிறது என்கிறார் நண்பர். வாதாடவே அனுமதி வாங்க வேண்டும் என்கிறார் இன்னொருவர். எது சரி?

பதில்: இரண்டாமவர் சொல்வதுதான் சரி. 120 நாள் கணக்கு சாதாரண வணிக வழக்குக்கு. உங்கள் மேல் போட்டிருப்பது உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 37-ன் கீழ் வரும் சம்மரி சூட், அதாவது முழு விசாரணை இல்லாமலே சீக்கிரம் முடிக்கக்கூடிய வழக்கு. இதில் சம்மன் கிடைத்த 10 நாளுக்குள் ஆஜராகாவிட்டால் வாதி சொன்னதை எல்லாம் நீங்கள் ஒத்துக்கொண்டதாக எடுத்துக்கொண்டு நீதிமன்றம் டிகிரி (பணத்தைக் கொடுக்கச் சொல்லும் தீர்ப்பாணை) கொடுத்துவிடலாம். நான்கு போச்சு, மிச்சம் ஆறு.

ஆஜரானதோடு வேலை முடிந்தது என்று பலர் சும்மா இருந்துவிடுகிறார்கள். அப்புறம் வாதி தரப்பிலிருந்து 'தீர்ப்புக்கான சம்மன்' வரும், அது கிடைத்த 10 நாளுக்குள் பிரமாணப் பத்திரத்தோடு 'லீவ் டு டிஃபெண்ட்', அதாவது வாதாட அனுமதி, கேட்டு மனு போட வேண்டும். தாமதத்தைத் தகுந்த காரணம் இருந்தால் மன்னிக்கலாம்தான், அதை நம்பி இருக்காதீர்கள்.

அந்தக் கட்டத்தில் ஜெயிப்பது யார் என்று நீதிபதி பார்ப்பதில்லை, விசாரிக்க இதில் ஏதாவது இருக்கிறதா என்றுதான் பார்ப்பார். 2016-ல் ஐடிபிஐ டிரஸ்டிஷிப் – ஹப்டவுன் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைப் படிப்படியாகச் சொல்லியிருக்கிறது: உருப்படியான எதிர்வாதம் இருந்தால் நிபந்தனை இல்லாமல் அனுமதி, உங்கள் நேர்மையில் சந்தேகம் வந்தால் பணம் கட்டச் சொல்லியோ அதற்கு ஈடு (செக்யூரிட்டி) கேட்டோ அனுமதி, வெறும் சாக்குப்போக்கு என்றால் அனுமதி கிடையாது, உடனே டிகிரி. 2022-ல் பி.எல்.காஷ்யப் வழக்கில், அனுமதி தருவதுதான் வழக்கம், மறுப்பது விதிவிலக்கு என்றும் சொல்லிவிட்டது.

"சரக்கு சரியில்லை" என்று ஒரே வரியில் எழுதினால் யாரும் நம்ப மாட்டார்கள். லோடு வந்த மறுநாளே பெட்டிகளைப் படம் எடுத்து சப்ளை செய்தவருக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பியிருக்கிறீர்களா? இமெயிலில் புகார் செய்தீர்களா? தேதியோடு பிரமாணப் பத்திரத்தில் எழுதி, நகலையும் இணையுங்கள். வழக்கு வந்த பிறகுதான் குறையே ஞாபகம் வந்தது என்றால் கஷ்டம்.

மீதி 12 லட்சம் தர வேண்டியதுதான் என்று ஒத்துக்கொள்கிறீர்கள், இல்லையா? அப்படி ஒத்துக்கொண்ட தொகையை நீதிமன்றத்தில் கட்டினால்தான் அனுமதியே கிடைக்கும், சட்டத்திலேயே அப்படித்தான் இருக்கிறது. பணத்துக்கு இப்போதே ஏற்பாடு செய்யுங்கள். (ஸ்டாப் பேமென்ட் செய்ததற்காக செக் பவுன்ஸ் வழக்கும் தனியாக வரலாம், அதையும் வக்கீலிடம் கேட்டுக்கொள்ளுங்கள்.)

வக்கீலிடம் போகும்போது டெலிவரி சலானை மறக்காதீர்கள். அதில் உங்கள் ஆள் 'நல்ல நிலையில் பெற்றேன்' என்று கையெழுத்துப் போட்டிருந்தால், எதிர்த் தரப்பு நீட்டும் வரை காத்திருக்காமல் முதல் நாளே சொல்லிவிடுங்கள்.